வெண்புகையின் வரவு செலவு

சென்னையிலிருந்து கொல்கத்தா நெடுஞ்சாலையில் வடக்கே போனால், தச்சூர் கூட்டுச் சாலையைத் தாண்டி, கவரைப்பேட்டைக்கு முன்னால் புதுவாயல் வருகிறது. அங்கிருந்து மேற்கே பிரியும் சாலை பெரியபாளையத்துக்குப் போகிறது. வடக்கே கும்மிடிப்பூண்டி சிப்காட், வடமேற்கே தேர்வாய்கண்டிகை சிப்காட். ஆரணியாறு இந்த வட்டாரத்தைக் கடந்து பொன்னேரி வழியாகப் பழவேற்காடு ஏரிக்குப் போகிறது. பழைய இரும்பை உருக்கிக் கட்டுமானக் கம்பி செய்யும் ஆலைகள், டயர் ஆலை, இரசாயனக் கிடங்குகள், இவற்றுக்கு நடுவே இன்னும் நெல் நடும் வயல்கள் என எல்லாம் கலந்து கிடக்கும் பூமி இது. இவை அத்தனையையும் தொட்டுச் செல்லும் பொருள் ஒன்று உண்டு. பாடநூல் அதைத் துத்தநாக ஆக்சைடு என்கிறது. ஆலையிலும் கடையிலும் ஜிங்க் ஆக்சைடு.

மாவு போன்ற வெள்ளைத் தூள். மணமில்லை, எரியாது, தண்ணீரில் கரையாது என்று தரச் சான்றிதழில் அச்சிட்டிருப்பார்கள். 'கரையாது' என்ற சொல்லை மட்டும் அப்படியே எடுத்துக்கொள்ளக் கூடாது. தண்ணீரில் மிகச் சிறிதளவு கரையும். அமிலம் பட்டால் நன்றாகக் கரையும், கடுங்காரம் பட்டாலும் கரையும். இந்த அரைகுறைக் கரைதிறன்தான் அதன் பெரும்பாலான பயன்களுக்குக் காரணம் என்பதும், அதன் தீங்குக்கும் இதே குணம்தான் காரணம் என்பதும் இந்தக் கட்டுரையின் வாதம். நல்லதை வைத்துக்கொண்டு கெட்டதை மட்டும் கழித்துவிடலாம் என்ற எண்ணத்துக்கு இந்தப் பொருளிடம் இடமில்லை. எங்கே கரைய விடுகிறோம், எவ்வளவு கரைய விடுகிறோம் என்பதுதான் கேள்வி.

முதலில் பொருளைப் பார்ப்போம். ஒரு துத்தநாக அணுவுக்கு ஓர் ஆக்சிஜன் அணு. எடைக் கணக்கில் நூற்றுக்கு எண்பது பங்கு துத்தநாகம், மீதி ஆக்சிஜன். அப்படியானால் ஒரு டன் துத்தநாகத்தை எரித்தால் ஒன்றேகால் டன் அளவுக்கு ஆக்சைடு கிடைக்கும். விற்கிற ஒவ்வொரு டன்னிலும் ஏறக்குறைய 197 கிலோ காற்றிலிருந்து இலவசமாக வந்தது. உருகுநிலை 1975 டிகிரி செல்சியஸ். அடர்த்தி தண்ணீரைப்போல் ஐந்தரை மடங்கு. இரும்புக் கரண்டியில் ஒரு சிட்டிகை எடுத்து அடுப்பில் காட்டினால் எலுமிச்சை மஞ்சளாகும். ஆறவிட்டால் மறுபடி வெளுத்துவிடும். சூட்டில் படிகத்திலிருந்து கொஞ்சம் ஆக்சிஜன் நழுவிப்போய், ஆறும்போது திரும்பி வருவதால் இப்படி. பள்ளி ஆய்வகத்தில் உப்பு ஆய்வு செய்தவர்களுக்கு இது நினைவிருக்கும். சரக்கைச் சோதிக்க இன்னொரு வழியும் உண்டு. நீர்த்த அமிலத்தில் போட்டால் சத்தமில்லாமல் கரைய வேண்டும். நுரைத்தால் சுண்ணாம்புத் தூள் கலந்திருக்கிறது, அல்லது மூட்டை ஈரக்காற்றில் நாள்பட்டுக் கிடந்து, காற்றிலுள்ள கரியமில வாயுவை இழுத்துக் கொஞ்சம் கார்பனேட்டாக மாறியிருக்கிறது.

இதைச் செய்யும் முறைகளில் முக்கியமானது பிரெஞ்சு முறை. துத்தநாகக் கட்டிகளை மூசையில் போட்டுச் சூடாக்குகிறார்கள். 419 டிகிரியில் உருகி, 907 டிகிரியில் கொதிக்கிறது. மூசையின் வாயிலிருந்து வெளிவரும் ஆவி காற்றைத் தொட்டதும் நீலப் பச்சை கலந்த கண்கூசும் சுடராகப் பற்றிக்கொள்கிறது. அந்தச் சுடரின் நுனியிலிருந்து எழுவது கரும்புகை அல்ல, வெண்புகை. அந்தப் புகைதான் சரக்கு. பெரிய விசிறி அதை உறிஞ்சி, நீண்ட குழாய்களில் ஓடவிட்டு ஆறவைத்து, துணிப்பைகள் வரிசையாகத் தொங்கும் அறைக்குள் தள்ளுகிறது. வேறு ஆலைகளில் இந்தப் பை அறை, அதாவது பேக் ஹவுஸ், மாசைப் பிடிக்கும் கருவி. இங்கே அதுதான் அறுவடைக் களம். பை கிழிந்தால் லாபமும் போகிறது, ஊர்க் காற்றும் கெடுகிறது.

கொதிக்க வைத்துப் பிரிப்பதில் ஓர் அழகு இருக்கிறது. ஈயத்தின் கொதிநிலை 1749 டிகிரி என்பதால் அதில் பெரும்பகுதி மூசையின் அடியிலேயே தங்கிவிடும், இரும்பும் அப்படியே. ஆனால் காட்மியம் 767 டிகிரியிலேயே கொதித்துவிடும், ஆகவே துத்தநாகத்துக்கு முந்திக்கொண்டு புகையோடு கலந்துவிடும். மூலப்பொருளில் காட்மியம் இருந்தால் உலையை நம்பிப் பயனில்லை. வாங்கும்போதே பார்க்க வேண்டும். சுத்தமான கட்டிக்குப் பதிலாக கால்வனைசிங் தொட்டியின் அடியில் சேரும் டிராஸையும் மேலே மிதக்கும் ஜிங்க் ஆஷையும் வைத்து ஓடும் சிறு ஆலைகள் நாடெங்கும் இருக்கின்றன. 2016ஆம் ஆண்டின் அபாயக் கழிவு விதிகள் இவற்றை மறுசுழற்சிக்கு உரியவையாகப் பட்டியலிட்டிருக்கின்றன. அதற்கு மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் அனுமதி வேண்டும். அந்த வகைச் சரக்கு டயருக்கும் உரத்துக்கும் போகலாம்; குழந்தையின் தோலில் தடவும் களிம்புக்குப் போகக் கூடாது. விலை குறைவு என்பதற்காக இந்த எல்லையைத் தாண்டுவது பச்சைத் துரோகம்.

இன்னொரு கணக்கையும் சொல்ல வேண்டும். துத்தநாகத்தை உருக்கிக் கொதிக்க வைக்கத் தேவைப்படும் வெப்பத்தைவிட இரண்டு மடங்குக்கும் மேலான வெப்பம் அந்த ஆவி எரியும்போது வெளியாகிறது. ஆனால் அது மூசைக்கு வெளியே, புகைக் குழாயில் நடப்பதால், மூசையைச் சூடாக்கத் தனியாக எரிபொருள் வாங்குகிறோம், எரியும் சூட்டை ஆறவைக்க நீண்ட குழாய் போடுகிறோம். இந்த வெப்பத்தைத் திருப்பி எடுக்கும் வேலையில் நம் பொறியியல் கல்லூரிகளுக்கு நல்ல ஆய்வுப் பொருள் இருக்கிறது. புதுவாயலைச் சுற்றியே கல்லூரிகளும் இருக்கின்றன, உலைகளும் இருக்கின்றன.

ஆவி காற்றைத் தொட்டால் வெண்புகையாகிவிடும் என்பது பழங்கால உலோக வேலைக்காரர்களுக்குப் பெரிய தொல்லையாக இருந்தது. தாதுவைக் கரியோடு சேர்த்துச் சூடாக்கினால் துத்தநாகம் பிரியும், ஆனால் பிரியும் சூடு அதன் கொதிநிலையைவிட அதிகம். பிறக்கும்போதே ஆவியாகப் பிறந்து, காற்றுப் பட்டவுடன் மறுபடி ஆக்சைடாகிவிடும். இந்தச் சிக்கலை முதலில் பெரிய அளவில் தீர்த்தது ராஜஸ்தானில் உதய்ப்பூருக்குத் தெற்கே உள்ள ஜாவர். கத்தரிக்காய் வடிவ மண் மூசைகளைத் தலைகீழாகக் கவிழ்த்து, ஓர் உலைக்கு 36 என்று அடுக்கி, ஆவியைக் கீழ்நோக்கி இறக்கி, காற்றுப் படாமல் குளிரவைத்தார்கள். ஐரோப்பாவில் பிரிஸ்டல் நகரத்து வில்லியம் சாம்பியன் 1738இல் இதற்குக் காப்புரிமை பெறுவதற்குப் பல நூற்றாண்டுகள் முந்தையது இது. 1980களில் பிரிட்டிஷ் மியூசியம், பரோடா எம்.எஸ். பல்கலைக்கழகம், ஹிந்துஸ்தான் ஜிங்க் மூன்றும் சேர்ந்து அந்த உலைகளைத் தோண்டியெடுத்தன. ஜாவர்க்காரர்கள் உயிரைக் கொடுத்துத் தடுத்த அதே நிகழ்வைத்தான் பிரெஞ்சு முறை வேண்டுமென்றே நடத்துகிறது.

கும்மிடிப்பூண்டி வட்டாரத்தின் கம்பி ஆலைகளில் அது வேண்டாமலே நடக்கிறது. இண்டக்‌ஷன் உலைக்கு வரும் ஸ்கிராப்பில் ஜி.ஐ. தகடு, பழைய கார் பாகம், குழாய் எல்லாம் உண்டு. இவற்றின் மேல் துத்தநாகப் பூச்சு. எஃகு உருக 1500 டிகிரி வேண்டும். அதற்குள் பூச்சு முழுவதும் கொதித்து ஆவியாகி, உலை வாயில் எரிந்து வெண்புகையாகிவிடும். கூடவே பெயின்டிலிருந்த ஈயமும் வரும். ஆக, ஒரு பக்கம் காசு கொடுத்து வாங்கிய துத்தநாகத்தை எரித்துச் செய்யும் பொருளை இன்னொரு பக்கம் கூரை வழியாக ஊருக்குள் விட வாய்ப்பிருக்கிறது. உலை மேல் உறிஞ்சுக் கூடும் பேக் ஹவுஸும் ஒழுங்காக ஓடினால் அது தூசியாகச் சேரும். ஸ்கிராப்பைப் பொறுத்து அந்தத் தூசியில் துத்தநாகம் கணிசமாக இருக்கும். வெளிநாடுகளில் வெல்ஸ் சூளை என்ற நீண்ட சுழல் சூளையில் கரியோடு அதைச் சூடாக்கி, துத்தநாகத்தை மறுபடி ஆவியாக்கி, ஆக்சைடாகப் பிடித்து, உலோக ஆலைக்கு அனுப்புகிறார்கள். தனி ஓர் ஆலைக்கு இது கட்டுப்படியாகாது. பல ஆலைகளுக்குப் பொதுவாக ஒன்று என்றால் பேசத் தக்க திட்டம். கழிவுநீருக்குப் பொதுச் சுத்திகரிப்பு நிலையம் கேட்கும் நாம் உலைத் தூசிக்கும் அதைக் கேட்க வேண்டும்.

இனி, இந்த வெள்ளைத் தூள் எங்கே போகிறது என்று பார்ப்போம். உலக உற்பத்தியில் பாதி அளவுக்கு ரப்பருக்குப் போகிறது. சார்லஸ் குட்இயர் 1839இல் ரப்பரைக் கந்தகத்தோடு சூடாக்கிக் கெட்டிப்படுத்தியபோது நூறு பங்கு ரப்பருக்கு எட்டுப் பங்கு கந்தகம் தேவைப்பட்டது, ஐந்து மணி நேரமும் ஆனது. 1906இல் அக்ரன் நகரத்தில் ஜார்ஜ் ஓன்ஸ்லாகர் கரிம வேகமூட்டிகளைப் புகுத்தினார். அவை முழு வேகத்தில் வேலை செய்யத் துத்தநாக ஆக்சைடு கூட இருக்க வேண்டும் என்பது தெரியவந்தது. ஆக்சைடு தனியாக ரப்பரில் கரையாது. ஸ்டியரிக் அமிலம் அதைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைத்துத் துத்தநாக ஸ்டியரேட்டாக்குகிறது. அது வேகமூட்டியோடும் கந்தகத்தோடும் சேர்ந்து ரப்பர்ச் சங்கிலிகளுக்கு நடுவே பாலம் போடுகிறது. இப்போது இரண்டு பங்கு கந்தகமும் சில நிமிடங்களும் போதும். தேர்வாய்கண்டிகையில் மிச்செலின் ஆலையில் வார்க்கப்படும் லாரி டயரானாலும், திருவொற்றியூரில் எம்.ஆர்.எஃப். வார்க்கும் டயரானாலும் வேதியியல் இதுதான். லாரி டயரின் எடையில் ஏறக்குறைய இரண்டு சதவீதம் துத்தநாக ஆக்சைடு. டயர் ஐம்பது கிலோ என்றால் ஆக்சைடு ஒரு கிலோ. புதுவாயலைக் கடந்து போகும் பத்துச் சக்கர லாரி பத்துக் கிலோவைத் தூக்கிக்கொண்டு ஓடுகிறது, ஓடும்போதே தேய்த்துக்கொண்டும் போகிறது. அந்தத் தேய்மானத்தைப் பிறகு பார்ப்போம்.

பெயின்டின் கதையை அந்தக் காலத்து மனிதர் ஒருவருக்காகவே சொல்ல வேண்டும். பத்தொன்பதாம் நூற்றாண்டு ஐரோப்பாவில் வெள்ளை என்றால் ஈய வெள்ளை. அதைப் பூசியவர்களுக்கு வயிற்று வலி, கை விழுதல், மூளைக் கோளாறு. பாரிஸ் நகரத்துப் பெயின்ட் ஒப்பந்தக்காரர் எட்மே ழான் லெக்ளேர் தன்னிடம் வேலை செய்தவர்கள் இப்படி விழுவதைப் பொறுக்காமல் 1840களில் துத்தநாக வெள்ளையை மலிவாகச் செய்ய வழி கண்டார். பிரெஞ்சு முறை என்ற பெயர் அங்கிருந்து வந்தது. லாபத்தைத் தொழிலாளரோடு பங்கிட்டுக்கொண்டவரும் அவர்தான். அதன் பின்னும் ஈய வெள்ளைக்கு எதிராகச் சர்வதேசத் தொழிலாளர் அமைப்பு உடன்படிக்கை கொண்டுவர 1921 ஆனது. நம் நாட்டில் வீட்டுப் பெயின்டில் ஈயத்தின் அளவை 90 பிபிஎம்முக்குள் அடக்கும் விதி 2016இல்தான் வந்தது. வெண்மைக்கு இன்று டைட்டானியம் டை ஆக்சைடு வந்துவிட்டது. துத்தநாக ஆக்சைடு பூஞ்சை பிடிக்காமல் காக்கும் துணைச் சரக்காக இருக்கிறது.

மருந்துப் பெட்டியில் அதற்கு இன்னும் முதலிடம். அம்மைக் கொப்புளத்துக்கும் வேர்க்குருவுக்கும் தடவும் காலமைன், இளஞ்சிவப்பு நிறத்துக்காகக் கொஞ்சம் இரும்பு ஆக்சைடு சேர்ந்த துத்தநாக ஆக்சைடுதான். பல் மருத்துவர் தற்காலிகமாகக் குழியை அடைக்கும்போது இந்தத் தூளைக் கிராம்பிலுள்ள யூஜினாலோடு குழைக்கிறார். இரண்டும் சேர்ந்து இறுகுவது அந்த அரைகுறைக் கரைதிறனால்தான். சித்த மருத்துவத்தின் நாக பற்பமும் துத்தநாகத்தைப் புடமிட்டு எடுப்பது. தோலின் வியர்வை லேசாக அமிலத்தன்மை உடையது. அது ஆக்சைடைத் துளித்துளியாகக் கரைக்க, வெளிவரும் துத்தநாகம் கிருமியை அடக்குகிறது, புண் ஆற உதவுகிறது. ஒரேயடியாகக் கரையும் துத்தநாக உப்பாக இருந்தால் எரியும்.

கரைவதோடு தொடர்பில்லாத குணமும் ஒன்று உண்டு. இது ஒரு குறைகடத்தி. 370 நானோமீட்டருக்குக் குறைந்த அலைநீளமுள்ள புற ஊதா ஒளியை விழுங்கும், கண்ணுக்குத் தெரியும் ஒளியை விட்டுவிடும். அதனால்தான் சன்ஸ்கிரீனில் இருக்கிறது. ஜப்பானில் 1962இல் செய்யாமா இதன் மெல்லிய படலத்தைக் கொண்டு வாயுவைக் கண்டறியும் உணரியைக் காட்டினார். அதே பத்தாண்டின் இறுதியில் மட்சுஷிட்டா நிறுவனத்தில் மட்சுவோகா, பிஸ்மத் ஆக்சைடு சேர்த்துச் சுட்ட துத்தநாக ஆக்சைடு வில்லைகளில் ஒரு விந்தையைக் கண்டார். சாதாரண மின்னழுத்தத்தில் அவை மின்சாரத்தை விடா. எல்லை தாண்டினால் கண்ணிமைக்கும் நேரத்துக்குள் திறந்துவிட்டு, அழுத்தம் தணிந்ததும் மூடிக்கொள்ளும். வில்லையிலுள்ள நுண்ணிய படிக மணிகளில், மணிக்கும் மணிக்கும் நடுவிலுள்ள ஒவ்வோர் எல்லையும் ஏறக்குறைய மூன்று வோல்ட் தாங்கும். வில்லை எவ்வளவு தடிமனோ அவ்வளவு தாங்கும். துணை மின்நிலையங்களில் இடிதாங்கியாக நிற்கும் உயரமான குழல்களுக்குள் அடுக்கியிருப்பவை இந்த வில்லைகள்தாம். வீட்டு ஸ்டெபிலைசரில் இருக்கும் பொத்தான் போன்ற சிறு துண்டும் அதுவே.

வயலுக்கு வருவோம். இந்திய மண் மாதிரிகளில் மூன்றில் ஒன்றுக்கு மேல் துத்தநாகம் போதவில்லை. தமிழகத்தில் குறை இன்னும் அதிகம். தண்ணீர் கட்டி நிற்கும் நெல் வயலில் இருக்கிற துத்தநாகமும் வேருக்கு எட்டாத வடிவத்துக்குப் போய்விடும். 1960களில் பந்த்நகரில் ஒய்.எல். நெனே, கைரா என்ற நெல் நோய்க்குக் கிருமி காரணமல்ல, துத்தநாகக் குறையே காரணம் என்று நிறுவினார். இலையில் துருப் புள்ளி, நாற்று வளராமல் நின்றுபோதல், இவைதாம் அறிகுறி. வழக்கமான மருந்து ஹெக்டேருக்கு 25 கிலோ ஜிங்க் சல்பேட்டை மணலில் கலந்து தூவுவது. அதைவிடச் சிக்கனமாக ஒன்றுண்டு. துத்தநாக ஆக்சைடை இரண்டு சதவீதக் கரைசல்போலத் தண்ணீரில் கலக்கி, நடும் முன் நாற்றின் வேரை அதில் நனைத்து நடுவது. தூள் வேரில் ஒட்டிக்கொண்டு, வேர் விடும் அமிலத்தில் மெல்லக் கரைகிறது. தேவையான இடத்தில், தேவையான நேரத்தில், தேவையான அளவு. இந்த முறை ஏன் பரவலாகவில்லை என்பதை வேளாண் துறை யோசிக்க வேண்டும்.

மனித உடலில் இது தவறான வழியில் நுழைந்தால் நடப்பது வேறு. புதிதாக எழுந்த வெண்புகையைச் சுவாசித்தவருக்குச் சில மணி நேரம் கழித்து, பெரும்பாலும் வீட்டுக்குப் போன பிறகு, குளிரும் காய்ச்சலும் உடல் வலியும் வாயில் இனிப்பு கலந்த உலோகச் சுவையும் வரும். ஓரிரு நாளில் தானாகவே போய்விடும். வார நாட்களில் உடல் பழகிக்கொண்டு, விடுமுறை முடிந்து வந்ததும் மறுபடி தாக்குவதால் பித்தளை வார்ப்பவர்களிடையே திங்கட்கிழமைக் காய்ச்சல் என்று பெயர் பெற்றது. ஜி.ஐ. குழாய் வெல்டிங் செய்பவர்கள் இதற்கு முன்கூட்டியே பால், வெல்லம், வாழைப்பழம் சாப்பிடுகிறார்கள். சாப்பாட்டில் தவறில்லை, ஆனால் அது நுரையீரலுக்குப் போகும் புகையைத் தடுக்காது. தடுப்பது உறிஞ்சு விசிறியும் பொருத்தமான முகக்கவசமும் மட்டுமே. மலேரியா என்றும் சளிக் காய்ச்சல் என்றும் எழுதி மாத்திரை கொடுத்து அனுப்பப்படுபவர்கள் எத்தனை பேரோ. தொழிற்பேட்டைப் பகுதி மருத்துவர், காய்ச்சலோடு வருபவரிடம் என்ன வேலை பார்க்கிறீர்கள் என்று முதலில் கேட்க வேண்டும்.

மனிதனுக்கு ஓரிரு நாள் காய்ச்சல் என்றால், மீனுக்கு அதைவிடப் பெரிய ஆபத்து. துத்தநாக ஆக்சைடு மூட்டையில் செத்த மீனும் பட்ட மரமும் வரைந்த எச்சரிக்கைச் சின்னம் இருக்கும். அது அலங்காரத்துக்கு இல்லை. நாம் குடிக்கும் தண்ணீரில் லிட்டருக்கு 5 மில்லிகிராம் வரை துத்தநாகம் ஏற்கத்தக்கது என்கிறது இந்தியத் தரநிலை. வேறு நீர் இல்லாத இடத்தில் 15 வரை. மீனின் செவுளுக்கு இந்த அளவு தாங்காது. நடுத்தரக் கடினத்தன்மையுள்ள நன்னீரில் நீர்வாழ் உயிர்களைக் காக்க அமெரிக்கச் சுற்றுச்சூழல் முகமை வைத்திருக்கும் எல்லை 0.12 மில்லிகிராம். நாற்பது மடங்கு வித்தியாசம். இப்போது நம் ஆலைக் கழிவுநீர் விதியைப் பாருங்கள்: ஆறு, ஏரிக்குள் விடும் நீரில் 5 மில்லிகிராம், கடலோரம் என்றால் 15. கலந்து நீர்த்துப்போகும் என்ற நம்பிக்கையில் வகுத்த எண்கள் இவை. கோடையில் ஆரணியாற்றில் கலந்து நீர்க்க என்ன இருக்கிறது? வருடத்தில் பல மாதம் மணலாகக் கிடக்கும் ஆற்றுக்கும் முகத்துவாரம் அடிக்கடி தூர்ந்துபோகும் பழவேற்காடு ஏரிக்கும், வற்றாத நதிக்கு வகுத்தது போன்ற எண் பொருந்தாது. இறால், நண்டு, மீன்குஞ்சு நம்பிப் பிழைக்கும் மீனவர் பக்கத்திலிருந்து இந்த எண்ணை மறுபடி எழுத வேண்டும்.

ஆலையைக் கட்டுப்படுத்திவிட்டால் போதும் என்றும் நினைக்க முடியாது. சாலையில் தேயும் டயர்த்தூள், நகரச் சாலை மழைநீரில் கலக்கும் துத்தநாகத்துக்கு முக்கிய மூலங்களில் ஒன்று என்பது உலகெங்கும் அளந்து பார்த்த உண்மை. துருப்பிடிக்கும் ஜி.ஐ. கூரையும் சேர்ந்துகொள்ளும். தூளிலிருந்து துத்தநாகம் மழையில் மெல்லக் கரைகிறது. மழைநீர் லேசான அமிலம். ஓய்ந்த டயரைக் காய்ச்சி எண்ணெய் எடுத்தால் மிஞ்சும் கரியில் துத்தநாகம் செறிந்து நிற்கும். 2022 ஜூலையில் வந்த விதிகள் பழைய டயருக்கான பொறுப்பை உற்பத்தியாளர் மேல் சுமத்தியிருக்கின்றன. அந்தக் கரியிலிருந்து துத்தநாகத்தை மீட்கும் பொறுப்பையும் அதில் சேர்க்கலாம். ரப்பர்த் தொழிலின் பக்கத்திலும் வழி இருக்கிறது. துகளைப் பொடியாக்கி மேற்பரப்பைக் கூட்டினால் குறைந்த ஆக்சைடிலேயே அதே பாலம் கிடைக்கும். இதை 'ஆக்டிவ்' வகை என்று தனியாக விற்கிறார்கள். விலை அதிகம் என்று கொள்முதல் துறை தயங்குகிறது. ஐரோப்பாவில் பன்றிக்குட்டிகளின் வயிற்றுப்போக்குக்குத் தீவனத்தில் அள்ளிப் போட்டுவந்த துத்தநாக ஆக்சைடை மண் கெடுகிறது என்றும் கிருமிகளுக்கு எதிர்ப்புச் சக்தி கூடுகிறது என்றும் 2022 ஜூனோடு நிறுத்தினார்கள். பண்ணைகள் வேறு வழி கண்டுகொண்டன. அளவைக் குறைக்கச் சொன்னால் தொழில் படுத்துவிடும் என்ற பயம் எப்போதும் உண்மையாவதில்லை.

இந்த வட்டாரத்தில் முதலில் செய்ய வேண்டியது அளப்பது. எந்த நாளிலும் போய் ஒரு பாட்டில் தண்ணீர் எடுத்துவந்தால் அது கணக்கில்லை. கோடை முழுக்கச் சாலையிலும் கூரையிலும் உலைத் தாழ்வாரத்திலும் படிந்த தூசியெல்லாம் முதல் பெருமழையில்தான் இறங்கும். ஆகவே பருவத்தின் முதல் மழை கொட்டும்போதே, முதல் அரை மணி நேரத்துக்குள், நெடுஞ்சாலை ஓர வாய்க்காலிலும் சிப்காட் மழைநீர் வடிகாலிலும் ஆரணியாற்றுப் பாலத்தடியிலும் பழவேற்காட்டிலும் ஒரே நாளில் மாதிரி எடுக்க வேண்டும். கரைந்த துத்தநாகம் தனியாக, மொத்தத் துத்தநாகம் தனியாக, கூடவே நீரின் கடினத்தன்மையும் அமிலத்தன்மையும் அளக்க வேண்டும், ஏனென்றால் மீனுக்கு ஆகும் தீங்கு இந்த நான்கையும் பொறுத்தது. அந்த எண்களை ஊராட்சி அலுவலகப் பலகையில் ஒட்ட வேண்டும்.